தலைநகர் இல்லாத தீவு

கேள்வி: ஐயா, தலைநகரே இல்லாத நாடு இருக்கிறதா என்று ஐந்தாம் ஆண்டு படிக்கும் என் மகன் கேட்கிறான். இருக்கிறதா?
– வாசகி, ஆயர் ஈத்தாம்

பதில்: இருக்கிறதம்மா. பசிபிக் கடலில் உள்ள நவூரு. நாடாளுமன்றம் யாரென் மாவட்டத்தில் இருந்தாலும், சட்டப்படி தலைநகர் என்று ஒன்று கிடையாது. பரப்பு 21 சதுர கிலோமீட்டர்தான். நம் பினாங்குத் தீவுக்குள் பதின்மூன்று நவூருவை வைத்துவிடலாம்.

சரி, மகனிடம் இதையும் சொல்லுங்கள். 1943இல் ஜப்பானியர்கள் நவூரு மக்களில் சுமார் 1,200 பேரை பசிபிக்கிலேயே உள்ள ட்ரக் (இன்றைய சூக்) தீவுகளுக்குக் கட்டாய வேலைக்குக் கொண்டுபோனார்கள். 1946 ஜனவரி 31 அன்று ஊர் திரும்பியவர்கள் 737 பேர். அந்த நாளை மறக்காமல்தான் 1968 ஜனவரி 31 அன்று சுதந்திரம் பெற்றார்கள். என் தாத்தாவின் தம்பி, அதே போர்க்காலத்தில் ஜப்பானியர்கள் போட்ட சயாம் ரயில்பாதை வேலைக்குப் போய்த் திரும்பாதவர். பாட்டி கடைசிவரை தீபாவளிக்கு அவருக்கும் ஓர் இலை போடுவார். அதனால் 737 என்ற எண்ணை என்னால் வெறும் எண்ணாகப் படிக்க முடிவதில்லை.

அங்கே அக்டோபர் 26 அங்காம் திருநாள். 1920இல் வந்த விஷக்காய்ச்சலில் பலர் மாண்டுபோனார்கள். இனம் பிழைக்க 1,500 பேராவது வேண்டும் என்றிருந்த நிலையில், 1932இல் அந்த எண்ணிக்கையை நிறைவு செய்து ஒரு குழந்தை பிறந்த நாள் அது. போருக்குப் பின் மறுபடியும் எண்ணிக் காத்திருந்தார்கள். 1949இல் மீண்டும் 1,500ஐ எட்டினார்கள்.