மீனவருக்குத் தெரியாத மீனா?

கேள்வி: மாலத்தீவில் அமெரிக்க விஞ்ஞானிகள் ஒரு புது மீனைக் ‘கண்டுபிடித்து’ப் பெயர் வைத்தார்களாம். அது காலங்காலமாக அங்கேதானே நீந்திக்கொண்டிருந்தது? பரம்பரையாகக் கடலில் கிடக்கும் மீனவருக்குத் தெரியாததா? கொலம்பஸ் அமெரிக்காவைக் கண்டுபிடித்த கதைதானே இது? குழம்புக்கு ஆகாத பொடி மீனுக்கு ஏன் இத்தனை ஆர்ப்பாட்டம்?
- ஒரு வாசகர், தூத்துக்குடி

பதில்: கொலம்பஸ் இறங்கிய கரையில் ஏற்கெனவே மனிதர்கள் வாழ்ந்தார்கள். அதனால்தான் அந்தக் கதை நமக்கு எரிச்சலூட்டுகிறது. இந்த மீன் இருக்கும் இடத்தில் யார் வாழ்ந்தார்கள்?

நீங்கள் சொல்லும் மீன் குரோமிஸ் அபதா. டாம்செல் மீன் குடும்பம். கோமாளி மீனுக்குச் சொந்தம். முத்து வெள்ளை உடம்பு, ஓரத்தில் நீலக் கோடு. 2024இல்தான் அறிவியல் பதிவேட்டில் ஏறியது. இருப்பது சுமார் 100 மீட்டர் ஆழத்தில், வெளிச்சம் மங்கிப்போன பவளப்பாறைச் சரிவுகளில்.

மாலத்தீவு மீனவரின் பிழைப்பு சூரை. திறந்த கடலில், மேல்மட்டத்தில், கழித் தூண்டிலால் ஒவ்வொன்றாகத் தூக்கிப் போடுவார்கள். உங்களுக்குத் தெரிந்த மாசிக் கருவாடு அந்தச் சூரையில் செய்ததுதான். பாறையில் களவாவுக்குத் தூண்டில் இறக்குகிறவர்களும் உண்டு. ஆனால் தண்ணீரில் மிதந்து வரும் மிகச் சிறிய உயிரினங்களைக் கொத்தித் தின்னும் இந்தப் பொடியின் வாயில் அந்தக் கொக்கி நுழையாது. அந்தப் பாறைச் சரிவில் வலை போட்டால் கிழியும். மீனவருக்குத் தெரியவில்லை என்பது அவர்களுக்கு இழுக்கே அல்ல.

முக்குளித்துப் பார்க்கலாம் என்றால் அதுவும் லேசில்லை. சாதாரண ஸ்கூபாக்காரர்களுக்கு 40 மீட்டர்தான் எல்லை. ஆழம் கூடக்கூட, சுவாசிக்கும் காற்றிலுள்ள நைட்ரஜன் போதையேற்றும். இன்னும் கீழே ஆக்சிஜனே நஞ்சாகிவிடும். அதனால் ஹீலியம் கலந்த வாயுவும், விட்ட மூச்சையே சுத்தப்படுத்தித் திருப்பித் தரும் ரீபிரீதர் கருவியும் வேண்டும். அடியில் சில நிமிடங்கள் இருந்துவிட்டு, நின்று நின்று மேலே ஏற மணிக்கணக்காகும். அவசரப்பட்டால் ரத்தத்தில் வாயுக் குமிழி கட்டி ஆளையே முடித்துவிடும். மீனுக்கும் இந்தக் கஷ்டம் உண்டு. 100 மீட்டரில் அழுத்தம் கரையில் இருப்பதைப்போல 11 மடங்கு. சட்டென்று மேலே கொண்டுவந்தால் அதன் காற்றுப்பை ஊதிவிடும். உயிரோடு கொண்டுவர வேண்டுமென்றே, அழுத்தத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைக்கும் கலம் ஒன்றை இந்தக் குழுவைச் சேர்ந்த கலிஃபோர்னியா அறிவியல் அகாடமிக்காரர்கள் செய்து வைத்திருக்கிறார்கள்.

அப்புறம், அந்த ‘அமெரிக்க விஞ்ஞானிகள்’. குழுவின் தலைவர் லூயிஸ் ரோச்சா பிரேசிலில் பிறந்தவர். இந்த மீனைப் பற்றிய கட்டுரையை எழுதியவர்களில் மாலத்தீவின் அகமது நஜீபும் ஒருவர். 2022இல் வேறொரு மீனுக்கு, சிர்ரிலாப்ரஸ் ஃபினிஃபென்மாவுக்குப் பெயர் வைத்த குழுவிலும் அவர் இருந்தார். மாலத்தீவு மீன் ஒன்றை ஒரு மாலத்தீவுக்காரர் அறிவியல் முறைப்படி விவரித்தது அதுதான் முதல் தடவை. 2022 வரை அது நடக்கவில்லையே என்று நீங்கள் கோபப்பட்டிருந்தால் உங்களோடு சேர்ந்து நானும் கத்தியிருப்பேன். இன்னொரு குறையையும் எடுத்துக் கொடுக்கிறேன்: ‘அபதா’ என்பது மாலத்தீவு மொழியான திவேஹியின் சொல்தான், ஆனால் செலவுக்குப் பணம் தந்த ரோலக்ஸ் கம்பெனியின் திட்டப் பெயரை ஒட்டி வைத்தது. எனக்கும் அது உறுத்துகிறது.

ஆர்ப்பாட்டம் ஏன் என்றால், 1998இலும் 2016இலும் கடல் சூடேறி மாலத்தீவின் மேல்மட்டப் பவளங்கள் வெளுத்துச் செத்தன. மேலே அழிந்தாலும் ஆழத்தில் இருப்பவை வந்து நிரப்பும் என்று ஒரு நம்பிக்கை இருந்தது. 2018இல் ரோச்சா குழுவினர் கணக்கெடுத்துப் பார்த்தபோது மேலே இருக்கும் மீன்கள் வேறு, ஆழத்தில் இருப்பவை பெரும்பாலும் வேறு என்று தெரிந்தது. அப்படியானால் ஆழத்தைத் தனியாகக் காப்பாற்ற வேண்டும். எதைக் காப்பாற்றுவது என்று அரசாங்கத்திடம் கேட்கப் போனால் முதலில் ஒரு பட்டியல் வேண்டும். இந்தப் பொடி மீன் அந்தப் பட்டியலில் ஒரு வரி.

காப்பாற்ற அங்கே என்ன ஆபத்து என்பீர்கள். இதே குழு 14 நாடுகளில் 84 பாறைத் திட்டுகளைப் பார்த்து 2023இல் வெளியிட்ட ஆய்வில் 77 இடங்களில் குப்பை கிடந்தது. மேலே இருந்ததைவிட ஆழத்தில் அதிகம். பிளாஸ்டிக்கில் 73 சதவீதம் மீன்பிடிச் சாமான்: அறுந்த தூண்டில் நரம்பு, கயிறு, வலை.