லிண்டா என்று பெயர் வைக்கும் முன்

தம்பி, எஸ்டோனியாவின் தலைநகரான தாலினுக்கு வேலைக்கு வந்து நாலு மாதம்தான் ஆகிறது, மார்ச்சில் பிரசவம், பெண் குழந்தை என்று ஸ்கேனில் சொல்லிவிட்டார்கள், பிறக்கப்போகும் மண்ணின் பெயர் ஒன்றை வைக்க ஆசை என்று எழுதியிருக்கிறீர்கள். அலுவலகத்தில் ஒருவர் "லிண்டா" என்றாராம். அது வெள்ளைக்காரக் கிறிஸ்தவப் பெயர்தானே என்று ஊரில் அம்மா தயங்குகிறாராம். கூடவே வாடகை, பாலர் பள்ளி, குளிர்ச் சட்டை என்று மூன்று கேள்விகள். அவற்றுக்கு யாரைக் கேட்டாலும் பதில் கிடைக்கும். பெயர் விஷயத்தில்தான் நம் ஆட்கள் அவசரப்பட்டுச் சிக்கிக்கொள்கிறார்கள். நாங்கள் வந்த காலத்தில் இதையெல்லாம் தமிழில் எடுத்துச் சொல்ல ஒருவரும் இல்லை. அதனால் விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில் அம்மாவுக்குச் சொல்லுங்கள்: எஸ்டோனியாவின் லிண்டா பைபிளிலிருந்து வந்தவள் அல்ல. ஸ்பானிய மொழியில் "அழகி" என்று பொருள் தரும் லிண்டாவோ, ஜெர்மானியப் பெயர்களின் வாலில் வரும் "லிண்டே"யோ அல்ல. இவள் "கலேவிப்போயெக்" என்ற தேசிய காவியத்தின் நாயகனுக்குத் தாய். வோரு என்ற சிற்றூரில் மருத்துவராக இருந்த கிராய்ட்ஸ்வால்ட், நாட்டுப்புறப் பாடல்களையும் கதைகளையும் திரட்டித் தாமும் நிறையப் பாடிச் சேர்த்து 1857 முதல் 1861 வரை வெளியிட்டது அது. கதை இப்படி: ஒரு விதவை வழியில் ஒரு கோழிக்குஞ்சு, ஒரு காட்டுக்கோழி முட்டை, ஒரு காக்கைக்குஞ்சு மூன்றையும் கண்டெடுத்து வருகிறாள். கோழிக்குஞ்சு சல்மே என்ற பெண்ணாகிறது. முட்டையிலிருந்து லிண்டா வருகிறாள். அவளைப் பெண் கேட்டு நிலவு வருகிறது, சூரியன், நீர், காற்று, ஓர் அரசகுமாரன் என்று வரிசையாக வருகிறார்கள். எல்லோரையும் மறுத்து, கலேவ் என்ற பேருருவனைக் கட்டிக்கொள்கிறாள். எஸ்டோனிய மொழியில் பறவைக்கு "லிண்ட்" என்று பெயர். முட்டையில் பிறந்தவளுக்கு லிண்டா என்ற பெயர் எவ்வளவு பொருந்துகிறது பாருங்கள். தாலின் பகுதியின் பழைய பெயரான லிண்டனிசேயையும் இவளோடு சேர்த்தே இங்கே பேசுவார்கள்.

ஆனால் "பறவை" என்று மட்டும் எடுத்துக்கொண்டு வைத்துவிடாதீர்கள். இந்தப் பெயரின் கனம் அதன் பிற்பகுதியில் இருக்கிறது. கலேவ் இறந்ததும் கர்ப்பிணியான லிண்டா தனியாகக் கல் சுமந்து கணவனின் சமாதியை எழுப்புகிறாள். இன்று நாடாளுமன்றம் இருக்கும் தோம்பேயா குன்றுதான் அந்தச் சமாதி என்பது ஐதீகம். கடைசிக் கல் நழுவி விழ, அதன்மேலேயே உட்கார்ந்து அழுத கண்ணீர் உலெமிஸ்தே ஏரியானது. நீங்கள் விமானத்தில் வந்து இறங்கியபோது ஓடுபாதைக்குப் பக்கத்தில் பார்த்த ஏரி அதுதான். அந்தக் கல்லையும் தண்ணீருக்கு மேல் துருத்தி நிற்கும் லிண்டாக்கல் என்று காட்டுவார்கள். தாலினின் பெரும்பகுதிக்குக் குழாய்த் தண்ணீர் அந்த ஏரியிலிருந்துதான் வருகிறது.

தோம்பேயா சரிவில் லிண்டாமேகி என்ற மேட்டுக்கு ஒரு நாள் மனைவியையும் அழைத்துக்கொண்டு போய் வாருங்கள். மரங்களுக்கு நடுவே துயரத்தோடு உட்கார்ந்திருக்கும் வெண்கலப் பெண் சிலை இருக்கிறது. வைட்ஸன்பெர்க் என்ற சிற்பி 1880இல் பளிங்கில் செதுக்கியதன் வெண்கல வடிவம், 1920இல் அங்கே நிறுவப்பட்டது. சோவியத் ஆட்சியில் 1941 ஜூனிலும் 1949 மார்ச்சிலும் குடும்பம் குடும்பமாக மக்களைச் சைபீரியாவுக்கு ரயிலேற்றினார்கள். 1949இல் மட்டும் 20,000 பேருக்கு மேல், பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும் முதியவர்களும். செத்தவர்களுக்குச் சமாதி கிடையாது, வெளிப்படையாக அழவும் முடியாது. அதனால் இந்தச் சிலையின் காலடியில் ரகசியமாகப் பூ வைத்தார்கள். இங்கே ஒரு மூதாட்டியிடம் "என் மகள் பெயர் லிண்டா" என்று சொன்னால் அவர் மனசில் எழுவது இதெல்லாம்தான். தெரிந்து வைத்தால் மிக நல்ல பெயர். எஸ்டோனியர்கள் சிரிக்கவே மாட்டார்கள், ஒட்டமாட்டார்கள் என்று பத்து வருஷமாகக் குறை சொல்லிக்கொண்டே இருக்கும் நம் ஆட்களில் எத்தனை பேர் அந்த மேட்டில் ஏறிப் பார்த்திருப்பார்கள்?

காலம் பற்றியும் ஒரு வார்த்தை. முன்பு இங்கே குடியானவர் வீட்டுப் பெண்கள் மாரி, அன், லீசு என்று தேவாலயப் பெயர்களோடுதான் இருந்தார்கள். 19ஆம் நூற்றாண்டில் தேசிய விழிப்பு வந்த பிறகே காவியத்திலிருந்தும் இயற்கையிலிருந்தும் பெயர் எடுக்கும் வழக்கம் பரவியது. லிண்டாவும் சல்மேயும் அப்படிப் புழக்கத்துக்கு வந்தவை. அலை என்று பொருள்படும் லைனேயும் இயற்கைப் பெயர்தான். எந்தப் பெயரை எத்தனை பேர், எந்த வயதினர் வைத்திருக்கிறார்கள் என்று அரசின் புள்ளிவிவரத் துறை தன் இணையத்தளத்தில் காட்டுகிறது. முடிவெடுக்கும் முன் அதில் தேடுங்கள். குழந்தைப் பெயர்ப் பட்டியல் போடும் தளங்களை நம்ப வேண்டாம். ஃபின்லாந்துப் பெயரையும் எஸ்டோனியப் பெயரையும் ஒன்றாகக் கலந்து, பொருளையும் தம் இஷ்டத்துக்கு எழுதி வைத்திருக்கிறார்கள்.

லிண்டாவை நான் ஆதரிக்க இன்னொரு காரணம் எழுத்து. ஏ (a), ஓ (o), யூ (u) எழுத்துகளின் தலையில் புள்ளியோ நெளியோ போட்ட பெயர்களைத் தவிருங்கள். இந்தியப் பாஸ்போர்ட்டில் அந்தப் புள்ளி ஏறாது. எஸ்டோனியப் பிறப்புப் பதிவில் ஓர் எழுத்து, பாஸ்போர்ட்டில் இன்னொன்று என்றாகிவிட்டால், குழந்தையின் வசிப்பு அனுமதியில் தொடங்கி எல்லா இடத்திலும் விளக்கம் சொல்ல வேண்டியிருக்கும்.

தமிழ்ப் பெயரே வைப்பதானாலும் இதே கவனம் வேண்டும். இங்கே இரண்டு ஈ (ee) போட்டால் "ஏ" என்றும், இரண்டு ஓ (oo) போட்டால் "ஓ" என்றும், ஜே (j) எழுத்தை "ய" என்றும் படிப்பார்கள். மீனா மேனா ஆவாள், பூஜா போயா ஆவாள், சுஜாதா சுயாதா ஆவாள். கலா என்றால் மீன்; அதனால் ஒன்றும் கெட்டுப்போகாது. ஆனால் சீதாவை எஸ்-ஐ-டி-ஏ என்று எழுதிவிடாதீர்கள். அது இந்த மொழியில் மலத்தைக் குறிக்கும் கொச்சைச் சொல்லின் ஒரு வேற்றுமை வடிவம். பள்ளிக்கூடத்தில் பிள்ளை என்ன பாடுபடும் என்று சொல்ல வேண்டியதில்லை. ஐந்து வருஷத்தில் ஊருக்குப் போய்விடுவோம், இந்த மொழி எதற்கு என்று சொல்கிறவர்கள்தான் இதில் விழுகிறார்கள். நமக்கு இது அப்படியொன்றும் எட்டாத மொழி இல்லை. 14 வேற்றுமை என்று மிரட்டுவார்கள், ஆனால் லிண்டாலே என்றால் லிண்டாவுக்கு, லிண்டாகா என்றால் லிண்டாவோடு. நம்மைப் போலவே பெயரின் பின்னால் உருபு ஒட்டுகிறார்கள்.

இனி நடைமுறை. 11 இலக்க அடையாள எண் மருத்துவமனையிலேயே வந்துவிடும்; பெண் குழந்தை என்பதால் 6இல் தொடங்கும். பெயரோடு பிறப்பைப் பதிய ஒரு மாதம் அவகாசம். முதற்பெயராகத் தனித்தனியாக மூன்று வரை வைக்கலாம், அல்லது இரண்டை இணைப்புக்கோடு போட்டுச் சேர்க்கலாம். தமிழ்ப் பெயர், லிண்டா இரண்டையும் வைப்பதானால் எது முதலில் என்பதை யோசியுங்கள். தனித்தனியாக எழுதினால் பள்ளியும் மருத்துவரும் பெரும்பாலும் முதலில் இருப்பதைச் சொல்லித்தான் கூப்பிடுவார்கள்.

குடும்பப் பெயர்தான் நம்மவர்களின் பெரிய சிக்கல். பெற்றோர் இருவருக்கும் ஒரே குடும்பப் பெயர் என்றால் குழந்தைக்கும் அதுவே. வேறுவேறு என்றால் இருவரும் பேசி ஒன்றைச் சொல்ல வேண்டும். உங்கள் பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் இடத்தில் உங்கள் அப்பா பெயர் இருந்தால், பேத்திக்குத் தாத்தா பெயர் போய்விடும். உங்கள் பெயர்தான் வர வேண்டும் என்றால் பிரசவத்துக்கு முன்பே பதிவு அலுவலரிடம் பாஸ்போர்ட்டுகளோடு போய்ப் பேசிவிடுங்கள். இங்கே பிறந்ததால் மட்டும் எஸ்டோனியக் குடியுரிமை கிடைக்காது. தாலின் இந்தியத் தூதரகத்தில் ஒரு வருஷத்துக்குள் குழந்தையின் பிறப்பைப் பதிய வேண்டும். அந்த விண்ணப்பத்திலும் எஸ்டோனியச் சான்றிதழில் இருக்கும் அதே எழுத்துகளை, அதே வரிசையில், இடைவெளி முதற்கொண்டு மாற்றாமல் எழுதுங்கள்.