வாய்தாவுக்குப் போகாததால் வழக்கு தள்ளுபடி ஆகிவிட்டது. இனி ஒன்றும் செய்ய முடியாதா?

முடியும். எங்கள் வீட்டில் இதை அனுபவித்தோம்.

வண்டிப்பாதைத் தகராறில் அப்பா போட்ட சிவில் வழக்கு அது. அவரை விசாரிக்க வேண்டிய நாளுக்கு முந்தின ராத்திரி நெஞ்சுவலி. ஆஸ்பத்திரிக்கு ஓடியதில் வக்கீலுக்குச் சொல்லவே தோன்றவில்லை. மறுநாள் டவாலி (கோர்ட் சேவகர்) மூன்று முறை பெயர் சொல்லிக் கூப்பிட்டிருக்கிறார். எங்கள் வக்கீல் வேறு கோர்ட்டில் இருந்தார். எதிர்த்தரப்பு வந்து நின்றது. வாதி ஆஜராகவில்லை என்று தள்ளுபடி.

முதலில் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள்: அன்று பிரதிவாதி வந்திருந்தாரா? இரு தரப்புமே வராமல் தள்ளுபடியானால், வழக்குப் போடுவதற்கான காலக்கெடு மிச்சமிருக்கும்வரை புது வழக்கே போடலாம். அவர் வந்து நீங்கள் வராமல் போயிருந்தால், சிவில் நடைமுறைச் சட்டம் கட்டளை 9, விதி 9-ன்படி அதே காரணத்துக்குப் புது வழக்கு போட முடியாது. பழைய வழக்கைத் திரும்பக் கோப்பில் எடுக்கச் சொல்லி மனு போடுவதுதான் வழி. அதற்குத் தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாள். தாண்டிவிட்டால் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் சேர வேண்டும், ஒவ்வொரு நாளுக்கும் பதில் சொல்ல வேண்டியிருக்கும்.

வராததற்குப் போதுமான காரணம் காட்டுவதில்தான் எல்லாம் இருக்கிறது. பிரமாணப் பத்திரத்தோடு அப்பாவின் டிஸ்சார்ஜ் சம்மரியை வைத்தோம். வக்கீலாவது வந்திருக்கலாமே என்று எதிர்த்தரப்பு ஆட்சேபித்தது. நீதிபதி அட்மிட் ஆன தேதியையும் நேரத்தையும் விரல் வைத்துப் பார்த்தார். எதிர்த்தரப்புக்கு 500 ரூபாய் செலவுத்தொகை கட்டும்படி எங்களிடம் சொல்லி வழக்கைத் திரும்ப எடுத்துக்கொண்டார். வெறுமனே உடம்பு சரியில்லை என்று எழுதியிருந்தால் நடந்திருக்காது என்பது என் எண்ணம்.

வக்கீல் வராததுதான் காரணமா? அதையும் தயங்காமல் எழுதுங்கள். வக்கீலின் தவறுக்காகக் கட்சிக்காரர் பாதிக்கப்படக் கூடாது என்று ரஃபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் 1981-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

செக் பவுன்ஸ் வழக்கு என்றால் கதை வேறு. புகார்தாரர் வராததால் எதிரி (குற்றம் சாட்டப்பட்டவர்) விடுதலையாகிவிட்டால், அதே மாஜிஸ்திரேட் அதைத் திரும்ப எடுக்க முடியாது. மேல் கோர்ட்டுக்குத்தான் போக வேண்டும்.

உத்தரவுத் தேதி தெரியாவிட்டால் இ-கோர்ட்ஸ் செயலியில் சிஎன்ஆர் எண்ணை (ஒவ்வொரு வழக்குக்கும் உள்ள தனி அடையாள எண்) போட்டு இன்றைக்கே பாருங்கள். 30 நாள் அந்தத் தேதியிலிருந்துதான் ஓடுகிறது.