வாசகர் கேள்வி–பதில்: ரைனர் சூஸ் பாடிய மேடைகள்

சென்ற இதழில் கிழக்கு ஜேர்மனியின் கலைஞர்களைப் பற்றிப் பேசும்போது, ஒபெரா எனப்படும் மேலைநாட்டு இசை நாடகத்தின் பாடகராகவும் தொலைக்காட்சித் தொகுப்பாளராகவும் இருந்து பின்னர் சட்டமன்ற உறுப்பினரான ரைனர் சூஸ் என்பவரைப் பற்றி இரண்டு வரி எழுதியிருந்தோம். திருகோணமலை மாவட்டத்தின் பல ஊர்களிலிருந்தும் அவரைப் பற்றியே கேட்டுக் கடிதங்கள் வந்திருப்பதால், இம்முறை பகுதி முழுவதையும் அவருக்கே ஒதுக்குகிறோம்.

இசை ஆசிரியை, உவர்மலை: ரைனர் சூஸ் எங்கே இசை கற்றார்? குடும்பப் பின்னணியால் மேடைக்கு வந்தவரா, பயிற்சியால் வந்தவரா?

பயிற்சியால் வந்தவர் என்றே சொல்ல வேண்டும். 1930 இல் ஜேர்மனியின் சாக்சனிப் பகுதியிலுள்ள கெம்னிட்ஸ் என்ற தொழில் நகரத்தில் பிறந்த அவர், சிறுவனாக லைப்சிக் நகரின் புனித தோமையார் தேவாலயப் பாடகர் குழுவில் சேர்க்கப்பட்டார். 1212 ஆம் ஆண்டிலிருந்து தொடர்ந்து இயங்கும் அந்தச் சிறுவர் குழுவை 1723 முதல் 1750 இல் இறக்கும் வரை நடத்தியவர் இசையமைப்பாளர் யொஹான் செபஸ்தியான் பாஹ். பையன்கள் விடுதியிலேயே தங்கிப் படிப்பார்கள். பாடசாலைப் பாடங்களுக்கு இணையாக ஒவ்வொரு நாளும் பயிற்சி நடக்கும். வார இறுதியில் தேவாலயத்தில் பாஹின் படைப்புகளைப் பாட வேண்டும். பத்து வயதில் பல குரல்கள் ஒன்றோடொன்று பின்னும் இசையில் தன் குரலை மட்டும் தவறவிடாமல் பிடித்துச் செல்லப் பழகிய பிள்ளைக்கு, பின்னாளில் எந்த இசையமைப்பாளரின் கடினமான சுரக்கோவையும் அச்சமூட்டாது. பின்னர் நவீன ஒபெராக்களில் சூஸ் துணிந்து இறங்கியதற்கு இந்த இளமைப் பயிற்சியே அடித்தளம் என்பது என் கணிப்பு.

ஹாலே நகர அரங்கில் பாடிய பிறகு, கிழக்கு பெர்லினின் உந்தர் டென் லிண்டன் வீதியிலுள்ள அரச ஒபெரா அரங்கில் இடம் பெற்றார். 1742 இல் பிரஷ்ய மன்னர் இரண்டாம் பிரெடெரிக் திறந்துவைத்த அரங்கு அது. இரண்டாம் உலகப் போரில் இரு தடவைகள் குண்டு வீச்சுக்கு உள்ளாகி, 1955 இல் மீண்டும் கட்டித் திறக்கப்பட்டது. அங்கே பாடகர்கள் மாதச் சம்பளம் பெறும் நிரந்தர உறுப்பினர்கள். நம்மூர் வித்துவான்களைப் போலக் கோயில் திருவிழாவுக்குத் திருவிழா ஒப்பந்தம் பேசிக்கொண்டிருக்க வேண்டிய நிலை அவர்களுக்கு இல்லை.

நுண்கலை மாணவர், தம்பலகாமம்: அவரைப் 'பாஸ் பஃபோ' என்று குறிப்பிட்டிருந்தீர்கள். அது என்ன வகைக் குரல்?

பாஸ் என்பது ஆண் குரல்களில் மிகக் கீழே இறங்கக்கூடியது. ஒபெராவில் அந்தக் குரலுக்கு இரு விதமான வேலைகள் உண்டு. அரசர், குருமார், பேய் போன்ற கனமான பாத்திரங்கள் ஒரு பக்கம். தன்னைப் பெரிதாக நினைத்துக்கொண்டு ஊராரிடம் ஏமாறும் பண்ணையார், வயது போன மாப்பிள்ளை, வீறாப்புப் பேசும் நகரத் தலைவர் போன்ற நகைச்சுவைப் பாத்திரங்கள் மறு பக்கம். இந்த இரண்டாவது வகைக்கு உரியவரே பாஸ் பஃபோ. நம் கூத்துக்களில் கோமாளி தாளம் தப்பாமல் ஆடிக்கொண்டே சபையைச் சிரிக்க வைப்பதைப் போல, இவரும் சுரம் தப்பாமல் சிரிக்க வைக்க வேண்டும். ஆனால் கோமாளி அரசனை எள்ளுவான், பஃபோவோ பெரும்பாலும் எள்ளப்படும் அதிகாரமாகவே மேடைக்கு வருவான்.

ரிச்சர்ட் ஸ்ட்ராவுஸின் 'ரோசன்கவலியர்' ஒபெராவில் வரும் ஒக்ஸ் பிரபு இந்த வகையின் உச்சம். இரண்டாம் அங்கத்தின் முடிவில், வாள் முனை பட்டுச் சிறு கீறல் விழுந்த கையைத் தூக்கிக் கட்டிக்கொண்டு அவர் இருக்கையில் சாய்ந்திருப்பார். உள்ளே போன வைன் மெல்ல வேலை செய்யும். ஓர் இளம்பெண்ணிடமிருந்து வந்ததாக அவர் நம்பும் கடிதம் வாசிக்கப்படும். வால்ட்ஸ் என்ற நடனத் தாளம் எழும்; தன்னோடு கழியும் எந்த இரவும் அவளுக்கு நீளமாகத் தோன்றாது என்று தானே மெச்சிப் பாடி, கடைசிச் சொல்லில் மிகக் கீழேயுள்ள ஈ சுரத்திற்கு இறங்கி, அங்கேயே மூச்சை நிறுத்தி நிற்பார். அந்தச் சுரத்தை எட்டுவது பாதி வேலை. எட்டிய பின்னும் முகத்தில் சுய திருப்தி வழிய வேண்டும் என்பது மீதி. சூஸின் பெயரோடு நெருக்கமாகச் சேர்ந்த பாத்திரங்களுள் இதுவும் ஒன்று.

1966 இல் பவுல் டெஸ்ஸாவு இசையமைத்த 'புந்திலா' அதே அரங்கில் முதன்முறையாக அரங்கேறியபோது தலைப்புப் பாத்திரத்தைப் பாடியவரும் அவரே. ஜேர்மன் நாடகாசிரியர் பெர்டோல்ட் பிரெக்டின் நாடகத்திலிருந்து எடுக்கப்பட்ட கதை அது. குடித்திருக்கும்போது எல்லோரையும் அணைத்துக்கொள்ளும், ஒரே நாளில் பல பெண்களுக்குத் திருமண வாக்குக் கொடுக்கும் பண்ணையார், தெளிந்ததும் அதே பெண்களை வாசலிலிருந்து விரட்டுகிறார். வெறியில் ஒரு குரல், தெளிவில் ஒரு குரல் என்று மாறி மாறிப் பாட வேண்டிய பாத்திரம். ஒரு பஃபோவின் நகைப்பிலிருந்து கசப்பைப் பிழிந்தெடுத்த அந்த வேலையையே அவருடைய கலை வாழ்வின் சிகரமாக நான் கருதுவேன்.

ஓய்வுபெற்ற தபால் அதிபர், நிலாவெளி: இவ்வளவு உயர்ந்த மேடையில் இருந்தவர் தொலைக்காட்சியில் கேளிக்கை நிகழ்ச்சி நடத்தப் போனது தரக்குறைவு இல்லையா?

அப்படிச் சொன்னவர்கள் அங்கேயும் இருந்திருப்பார்கள். எனக்கோ, அவர் செய்தவற்றுள் பலருக்கும் பயன்பட்டது அதுதான் என்று தோன்றுகிறது.

1960களின் இறுதியிலிருந்து 1980களின் நடுப்பகுதி வரை, லைப்சிக் நகரிலிருந்து 'டா லீக்ட் மூசிகே ட்ரின்' என்ற இசை நிகழ்ச்சியைக் கிழக்கு ஜேர்மன் தொலைக்காட்சி ஒளிபரப்பியது. அதன் தொகுப்பாளர் சூஸ். ஒபெராப் பாடல், ஒப்பரெட்டா எனப்படும் இலகுவான இசை நாடகப் பாடல், நடனம், இலகுவான மெட்டு ஆகியவற்றை அவர் ஒரே மாலையில் அருகருகே வைத்தார். அந்தத் தொலைக்காட்சியின் நிலையையும் எண்ணிப் பாருங்கள். நாட்டின் பெரும் பகுதியில் அன்டெனாவைத் திருப்பினால் மேற்கு ஜேர்மனியின் அலைவரிசைகள் கிடைத்தன. டிரெஸ்டன் பள்ளத்தாக்கு போன்ற சில இடங்களில் மட்டுமே அவை எட்டவில்லை. அரச தொலைக்காட்சி என்பதற்காக மக்கள் அதன் முன்னால் உட்காரப் போவதில்லை, விரும்பினால்தான் உட்காருவார்கள். அந்தப் போட்டிக்கு நடுவே ஒபெராப் பாடகர் ஒருவர் ஏறத்தாழப் பதினேழு ஆண்டுகள் மக்களைப் பிடித்து வைத்திருந்தார் என்றால், அது இறங்கிப் போனதாக ஆகாது. அரங்கின் வாசற்படியை ஒருபோதும் மிதிக்காத தொழிலாளியின் வீட்டுக்குள் மொட்சார்ட்டைக் கொண்டுபோனவர் அவர்.

இடையில் ஒரு சுவையான செய்தி. மேற்கு ஜேர்மனியின் டொய்ச்ச வெல்ல வானொலி நம் திருகோணமலையிலேயே மறு ஒலிபரப்பு நிலையம் வைத்து, பல ஆண்டுகளாக ஆசியாவுக்கு ஒலிபரப்பியது. நிலாவெளிக்காரரான உங்களுக்கு அந்தக் கோபுரங்கள் நினைவிருக்கும். மேற்கின் குரல் நம் கடற்கரை வரை வந்தது. கிழக்கின் இந்தக் குரல் வரவில்லை.

வாசகர், மூதூர்: எம்.ஜி.ஆரைப் போலப் புகழை வாக்காக மாற்றியவர்தானா இவரும்?

இல்லை. அங்கே நிலைமை முற்றிலும் வேறு. கிழக்கு ஜேர்மனியில் தேர்தல் என்பது ஒரே பட்டியலை ஏற்றுக்கொள்ளும் சடங்காகவே இருந்தது. 1989 மே மாத உள்ளூராட்சித் தேர்தலில் 98.85 வீதம் ஆதரவு என்று அரசு அறிவித்ததும், எண்ணிக்கையை நேரில் கண்காணித்த குடிமக்கள் அது பொய் என்று நிறுவினார்கள். அந்த ஆண்டு ஒக்டோபரில் லைப்சிக் வீதிகளில் மக்கள் திரண்டபோது, வன்முறை வேண்டாம் என்ற வேண்டுகோளில் இசை நடத்துநர் குர்ட் மசூரும் ஒப்பமிட்டார். நவம்பர் 4 அன்று பெர்லின் அலெக்சாந்தர் சதுக்கத்தில் பெருங்கூட்டத்தைக் கூட்டியவர்கள் நாடகக் கலைஞர்கள். கட்சிகளுக்கு நம்பகமான முகங்கள் இல்லாதிருந்த அந்த மாதங்களில், மக்கள் கேட்கத் தயாராக இருந்த குரல்களுள் கலைஞர்களின் குரல் முன்னே நின்றது.

புதிதாகத் தோன்றிய சமூக ஜனநாயகக் கட்சி கிழக்கில் வேரூன்றிய காலத்தில் சூஸ் அதன் அரசியலுக்குள் வந்து, ஒருங்கிணைந்த பெர்லினின் சட்டமன்றத்தில் அக்கட்சியின் உறுப்பினரானார். பெர்லின் ஒரு நகரமாகவும் அதே வேளை ஒரு மாநிலமாகவும் இருப்பதால், மாநகர சபையும் மாகாண சபையும் சேர்ந்த ஒன்றாக அதை நினைத்துக்கொள்ளலாம். தனக்கென ஒரு கட்சி, ரசிகர் மன்றம், கட்-அவுட் என்று எதுவும் இல்லாமல், கட்சி உறுப்பினர்களுள் ஒருவராக உட்கார்ந்தவர் அவர்.

நம் பக்கத்தில் ஒப்புநோக்க வேண்டுமானால், 1958 இல் சென்னைச் சட்ட மேலவைக்குச் சென்ற கே.பி. சுந்தராம்பாள் நினைவுக்கு வருகிறார். இன்னும் அருகில், சிங்களத் திரையின் பெருநடிகர் காமினி பொன்சேகா பாராளுமன்றப் பிரதிச் சபாநாயகராக இருந்த பின், 1990களின் நடுப்பகுதியில் வடகிழக்கு மாகாண ஆளுநரானார். அப்போதிருந்த அந்த மாகாணத்தின் தலைநகராக இருந்தது நம் திருகோணமலைதான்.

ஆசிரியர், கிண்ணியா: பாடகர் உறுப்பினரானதால் பெர்லின் கலையரங்குகளுக்கு நன்மை கிடைத்ததா?

ஒரு உறுப்பினரால் தீரக்கூடிய சிக்கலாக அது இருக்கவில்லை. இரு நகரங்கள் ஒன்றானபோது மூன்று ஒபெரா அரங்குகள் ஒரே கருவூலத்தின் தலையில் விழுந்தன. பணம் போதாமல் 1993 இல் புகழ்பெற்ற ஷில்லர் நாடக அரங்கையே மூடினார்கள். மூன்று ஒபெராக்களும் 2004 இல் ஓர் அறக்கட்டளையின் கீழ் கொண்டுவரப்பட்டுத் தப்பின.

இளம் வாசகி, சாம்பல்தீவு: அவர் பாடியதை இப்போது கேட்க முடியுமா? எதிலிருந்து தொடங்கலாம்?

2015 இல் அவர் காலமாகிவிட்டாலும், ஒலிப்பதிவுகள் இணையத்தில் கிடைக்கின்றன. கார்ல் ஓர்ஃபின் 'டீ க்ளூகே' ஒபெராவை ஹெர்பெர்ட் கேகல் நடத்திய பதிவில் சூஸ் விவசாயியாகப் பாடுகிறார், அதிலிருந்து தொடங்குங்கள். வயலில் கிடைத்த பொன் உரலை அரசனிடம் கொண்டுபோனால் உலக்கை எங்கே என்று கேட்டுத் திருட்டுப் பட்டம் கட்டுவான் என மகள் எச்சரித்தும் கேளாத விவசாயி, சிறையிலிருந்து புலம்புவதோடு கதை ஆரம்பிக்கிறது. மொழி புரியாவிட்டாலும் அந்தப் புலம்பலின் தாளம் உடனே பிடிபடும். 'புந்திலா'வைப் பிறகு கேளுங்கள். அதன் இசை முதல் தடவையில் காதுக்கு இணங்காது, கதையை முன்கூட்டியே வாசித்து வைத்துக்கொள்வது நல்லது.