அரண்மனையில் ஒரு கால், பண்ணையில் ஒரு கால்

கேள்வி: எட்டாம் ஹென்றி காலத்து இங்கிலாந்தை வைத்து ஒரு குறுநாவல் எழுதுகிறேன். கதை 1530-களில் நடக்கிறது. நாயகன் கிராமத்துப் பிரபு. மன்னருக்கு நெருக்கமான ஊழியன். அரண்மனைச் சம்பளத்தில் ஆடம்பரமாக வாழ்கிறான். வரலாறு படித்த தோழி, “எதுவுமே ஒட்டவில்லை” என்கிறாள். எதைத் திருத்துவது? – ஒரு வாசகி

பதில்: தோழி சொன்னது சரிதான். முதலில் ‘பிரபு’ என்ற சொல்லை எடுத்துவிடுங்கள். பிரபுக்கள் சபையில் உட்காரும் உரிமை பெற்ற குடும்பங்கள் அன்று மிகக் குறைவு. உங்கள் நாயகன் நிலமுள்ள கனவான். நைட் பட்டம் கிடைத்தால் ‘சர்’ ஆவான், அவ்வளவுதான். பாராளுமன்றத்துக்குப் போனாலும் கீழ்ச்சபைக்குத்தான். ‘சர்’ருக்குப் பின்னால் இயற்பெயர் வரவேண்டும். சர் பிரான்சிஸ் என்பது சரி, சர் வெஸ்டன் என்பது பிழை.

இதைவிடப் பெரிய பிழை சம்பளம். அவனுக்குச் சோறு போட்டது குத்தகைப் பணம். மார்ச் 25, ஜூன் 24, செப்டம்பர் 29, டிசம்பர் 25 ஆகிய நான்கு நாட்களிலும் குத்தகைதாரர்கள் பணம் கட்டுவார்கள், காரியஸ்தர் கணக்கு எழுதுவார். 12 பென்னி ஒரு ஷில்லிங், 20 ஷில்லிங் ஒரு பவுண்டு. ‘மார்க்’ என்று எழுத ஆசைப்பட்டால், அது 13 ஷில்லிங் 4 பென்னிக்குச் சமமான கணக்குப் பெயர்தான். நாயகன் அதை எடுத்து மேஜையில் வைக்க முடியாது, அப்படி ஒரு நாணயமே புழக்கத்தில் இல்லை. அவன் அரண்மனையில் இருக்கும் மாதங்களில் பண்ணையைக் கட்டிக்காப்பது மனைவி. அவளுக்கு ஒரு முழு அத்தியாயமே கொடுக்கலாம்.

அரண்மனையிலோ பணம் கரையும். பட்டும் வெல்வெட்டும், குதிரைகள், ஏவலாட்கள், சூதாட்டம், ஜனவரி 1 அன்று மன்னருக்குத் தரவேண்டிய பரிசு என்று செலவு ஓயாது. (அன்று சட்டப்படி ஆண்டு பிறந்தது மார்ச் 25-இல், பரிசு மட்டும் ஜனவரியில். கடிதங்களில் தேதி போடும்போது கவனம்.) இவ்வளவையும் அவன் தாங்கியது மன்னரின் தயவை எதிர்பார்த்து: ஒரு பதவி, ஒரு குத்தகை, தந்தையை இழந்த சிறுவனின் நிலத்தை வயது வரும்வரை ஆளும் உரிமை, 1536-க்குப் பிறகு மன்னர் கலைத்த மடாலயங்களின் நிலம்.

அவனுடைய காலைப்பொழுதை எழுத 1526-இல் மன்னரின் முதன்மை அமைச்சர் கர்தினால் உல்சி அரண்மனை ஊழியர்களுக்கு வகுத்த எல்தம் விதிகள் கைகொடுக்கும். ஏவலர்கள் ஆறு மணி வாக்கில் எழுந்து கணப்பு மூட்டி அறையைச் சுத்தம் செய்யவேண்டும். மன்னரின் உடைகளை வாங்கி, நெருப்பில் சூடுகாட்டி, அந்தரங்க அறைக் கனவான்கள் எனப்படும் நெருக்கமான ஊழியர்களிடம் கொடுப்பார்கள். மன்னரின் உடலைத் தொடும் உரிமை ஏவலர்களுக்குக் கிடையாது. ஏழு மணிக்குத் தயாராக நின்று உடுத்திவிடுபவர்கள் கனவான்களே. மன்னர் எங்கே போகிறார், எப்போது படுத்தார் என்று விசாரிப்பதோ பேசுவதோ கூடாது. உங்கள் சதிக்காட்சி இந்த மௌனத்துக்குள்தான் நடந்தாகவேண்டும். பகல் விருந்தை மதியத்துக்கு முன்பே வையுங்கள். உருளைக்கிழங்கும் முள்கரண்டியும் வேண்டாம். கத்தி, கரண்டி, விரல்கள் போதும்.

முன்மாதிரி தேவையென்றால் சர்ரேயில் கில்ட்ஃபோர்டுக்கு அருகிலுள்ள சட்டன் பிளேஸைப் பாருங்கள். 1521-இல் அந்த நிலத்தை மன்னரிடம் பெற்ற சர் ரிச்சர்ட் வெஸ்டன், கோட்டைச் சுவர் எதுவுமில்லாமல், செங்கல்லும் இத்தாலியப் பாணிச் சுடுமண் வேலைப்பாடுமாக அங்கே வீடு கட்டினார். மகன் பிரான்சிஸ் மன்னரின் அந்தரங்க அறைக் கனவான். மன்னரோடு டென்னிஸும் சூதும் ஆடிப் பணம் ஜெயித்தவர். 1536 மே மாதம், அரசி ஆன் பொலினோடு கள்ள உறவு என்ற ராஜதுரோக வழக்கில் சிக்கினார். 12-ஆம் தேதி விசாரணை, 17-ஆம் தேதி லண்டன் டவர் ஹில்லில் தலை வெட்டப்பட்டது. சாகுமுன் அவர் எழுதிவைத்த கடன் பட்டியல் 900 பவுண்டைத் தாண்டியது.

துரோகியின் சொத்து மன்னருக்குப் போகும். ஆனால் சட்டன் பிளேஸ் அப்போதும் தந்தையின் பெயரில்தான் இருந்தது, அதனால் தப்பியது. தந்தை தன் பதவியையும் இழக்கவில்லை. 1541-இல் அவர் இறந்தபோது பேரன் ஹென்றி சின்னஞ்சிறுவன்தான். உங்கள் நாயகனின் தந்தையை முதல் அத்தியாயத்திலேயே சாகடித்திருக்கிறீர்களா? கடைசி அத்தியாயத்தில் வீடு குடும்பத்திடம் மிஞ்சவேண்டுமானால், அவரை உயிரோடு விட்டுவையுங்கள்.