வீட்டை எதிர்த்துத் திருமணம் செய்துகொண்டோம், பெண் வீட்டார் மிரட்டுகிறார்கள். கோர்ட்டில் பாதுகாப்பு வாங்குவது எப்படி?

எடுத்த எடுப்பில் ஹைகோர்ட்டுக்குப் போகாதீர்கள். "போலீசில் மனு கொடுத்தீர்களா?" என்பதுதான் அங்கே முதல் கேள்வி. தமிழ்நாட்டு நடைமுறையைச் சொல்கிறேன்.

முதலில் வயதுச் சான்று: பிறப்புச் சான்றிதழ், பத்தாம் வகுப்பு மார்க் ஷீட். பெண்ணுக்கு 18 நிறைய ஒரு நாள் குறைந்தாலும் விஷயம் போக்சோவுக்குப் போய்விடும். அவள் சம்மதம் கணக்கில் வராது.

அடுத்து திருமணச் சான்று. இருவரும் இந்துக்கள் என்றால் இந்து திருமணச் சட்டம் 7-ஏ பிரிவின்படி உறவினர், நண்பர்கள் முன்னிலையில் மாலை மாற்றினாலே போதும், புரோகிதர் வேண்டாம். வக்கீல் ஆபீசில் நடந்த திருமணம் செல்லாது என்று இன்றும் பயமுறுத்துகிறார்கள். சென்னை உயர் நீதிமன்றத்தின் 2014 தீர்ப்பு அப்படித்தான் சொன்னது. 2023 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. 90 நாளுக்குள் பதிவு செய்துவிடுங்கள். வெவ்வேறு மதம் என்றால் பொதுவாகச் சிறப்புத் திருமணச் சட்டம். அதில் 30 நாள் நோட்டீஸ் பதிவு அலுவலகத்தில் ஒட்டப்படும், வீட்டுக்குத் தகவல் போவது பெரும்பாலும் அந்த நாட்களில்தான். மேஜரான இருவர் திருமணத்துக்கு முன்பே பாதுகாப்பு கேட்கலாம்.

இனி மனு. எஸ்.பி. அல்லது கமிஷனருக்கு எழுதி, நேரில் ஒன்று கொடுத்து ரசீது வாங்குங்கள். ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபாலில் இன்னொன்று. "உயிருக்கு ஆபத்து" என்று பொத்தாம்பொதுவாக எழுதினால் எடுபடாது. யார், எந்த நம்பரிலிருந்து, எந்தத் தேதி, என்ன வார்த்தை சொன்னார் என்று எழுத வேண்டும். உண்மையான மிரட்டல் இல்லாதவர்கள் பாதுகாப்பை உரிமையாகக் கேட்க முடியாது என்று அலகாபாத் உயர் நீதிமன்றம் 2025ல் சொல்லியிருக்கிறது. கால் ரெக்கார்டிங், வாட்ஸ்அப் செய்தி இருக்கும் போனை மாற்றாதீர்கள், ஃபார்மேட் செய்யாதீர்கள். மனுவிலேயே உச்ச நீதிமன்றத்தின் 2018 சக்தி வாகினி தீர்ப்பைக் குறிப்பிடுங்கள். இப்படி மிரட்டப்படும் ஜோடிகளுக்காக மாவட்டந்தோறும் சிறப்புப் பிரிவு வேண்டும் என்றது அது. 2016லேயே சென்னை உயர் நீதிமன்றமும் எஸ்.பி., சமூகநல அலுவலர், ஆதிதிராவிடர் நல அலுவலர் அடங்கிய பிரிவை அமைக்க உத்தரவிட்டது.

இதற்குள் பெண் வீட்டார் 'காணவில்லை' புகார் கொடுத்திருப்பார்கள், கூடவே நகைத் திருட்டும் சேரும். அதனால் வீட்டு நகையில் குண்டுமணி கூட எடுத்து வரக் கூடாது. உடுத்திய துணி, சான்றிதழ்கள் போதும். ஆட்கொணர்வு மனு (பெண்ணைக் கோர்ட்டில் கொண்டுவந்து நிறுத்தக் கேட்கும் மனு) போட்டிருந்தால் நீதிபதி பெண்ணிடம் நேரில் கேட்பார். "நான் மேஜர், என் விருப்பப்படி வந்தேன், கணவரோடு போகிறேன்" என்று அவள் வாயால் தெளிவாகச் சொல்ல வேண்டும். அம்மா எதிரே அழுதுகொண்டு நிற்கும்போது தடுமாறினால் காப்பகத்துக்கு அனுப்பிவிடுவார்கள், பேச்சு வேறு பக்கம் திரும்பும். ஸ்டேஷனில் "பேசித் தீர்த்துக்கலாம், ரெண்டு நாள் வீட்டுக்குப் போயிட்டு வாம்மா" என்றால் போகவே போகாதீர்கள். போன பிறகு வெளியே வர முடியாமல் போன பெண்கள் உண்டு. கட்டப்பஞ்சாயத்து சட்டவிரோதம் என்று உச்ச நீதிமன்றம் 2011லேயே சொல்லிவிட்டது.

போலீஸ் அசையவில்லை என்றால்தான் ஹைகோர்ட். மதுரை, நெல்லை, திருச்சி பக்கம் என்றால் மதுரைக் கிளை. பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) 528வது பிரிவில், "எங்கள் மனு மீது நடவடிக்கை எடுத்துப் பாதுகாப்பு தர உத்தரவிடுங்கள்" என்று கேட்பார்கள். வக்கீலுக்குப் பணமில்லை என்று தயங்க வேண்டாம்: பெண் என்றாலே, வருமானம் பார்க்காமல், சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் இலவச வக்கீல் உண்டு. 15100க்குக் கூப்பிடுங்கள்.

பலர் தவறுவது ஒரு இடத்தில்: ஹைகோர்ட் மனுவில் இப்போது தங்கியிருக்கும் முகவரியை எழுதிவிடுகிறார்கள். பெற்றோரையும் எதிர்மனுதாரராகச் சேர்த்தால் மனு நகல் நேராக அவர்கள் கைக்குப் போகும். நிரந்தர முகவரியும் வக்கீலின் முகவரியும் போதும். இருக்கும் இடத்தை வக்கீலிடம் மட்டும் சொல்லுங்கள்.

ஆர்டர் வந்தால் வாசலில் போலீஸ்காரர் நிற்பார் என்று நினைக்காதீர்கள். பெரும்பாலும் இன்ஸ்பெக்டர் பெற்றோரை அழைத்து எழுதி வாங்குவார், ரோந்து வரும், அவசர நம்பர் தருவார்கள். நீங்கள் குடியிருக்கும் பகுதி ஸ்டேஷனிலும் ஆர்டர் நகல் இருக்க வேண்டும். இன்ஸ்பெக்டர் மாற்றலாகிப் போனால் புதிதாக வருபவரிடம் இன்னொரு நகல் கொடுத்து, கையெழுத்து வாங்கி வையுங்கள்.