சிவப்பு வெளிச்சம் வருகிறது, லிங்க் வரவில்லை

அண்ணா, வணக்கம். நான் மஸ்கெலியா பக்கம் சிசிடிவி, நெட்வொர்க் வேலை செய்கிறேன். ஒரு தோட்டத்தில் ஒபிஸிலிருந்து பெக்டரிக்கு சுமார் 900 மீட்டர், 12 கோர் (12 கண்ணாடி இழை) சிங்கிள்மோட் பைபர் கேபிள் இழுத்திருக்கிறோம். நிறத்துக்கு நிறம் பார்த்து, நீலம் 1, ஆரஞ்சு 2 என்று இரண்டு பக்கமும் பெட்டியில் போட்டேன். சிவப்பு லைட் பேனா அடித்தால் மறுபக்கம் இரண்டிலும் வெளிச்சம் வருகிறது, ஆனால் சுவிட்சில் லிங்க் விளக்கு எரியவில்லை. இரண்டு பக்கமும் ஒரே சுவிட்ச், ஒரே எஸ்எப்பி (சுவிட்சில் சொருகும் வெளிச்ச மொட்யூல்), சுவிட்சையும் பெட்டியையும் சேர்க்க ஒரே கடையில் வாங்கிய டூப்ளெக்ஸ் (இரட்டை இழை) பேட்ச் கோர்ட். கூட வேலை செய்பவர் ஸ்ப்ளைஸ் (இழையை ஒட்டிய இடம்) பிழை, வெட்டி மறுபடி ஒட்டு என்கிறார். வீட்டுக்கு வரும் பைபரில் ஒரே இழைதானே, அங்கே ஏன் இந்தப் பிரச்சினை இல்லை? பல இழை ஒரே கனெக்டரில் வரும் எம்பிஓ கேபிளில் ஏ, பி, சி என்பதும் இதுதானா?

ஒரு வாசகர்

தம்பி, வணக்கம்.

முதலில் அந்தக் கட்டரைக் கீழே வையுங்கள். ஸ்ப்ளைஸில் பிழை இருக்க வாய்ப்பு மிகக் குறைவு. 1310 நானோமீட்டரில் ஒரு கிலோமீட்டருக்கு ஏறக்குறைய 0.35 டிபி (டெசிபெல்) தான் வெளிச்ச இழப்பு, உங்கள் 900 மீட்டருக்கு அதுவும் இல்லை. ஒழுங்காக ஒட்டிய ஸ்ப்ளைஸ் ஒன்றுக்கு 0.1 டிபிக்குள், பெட்டியில் கனெக்டர் சேரும் இடங்களில் கொஞ்சம், எல்லாம் கூட்டினாலும் 2 டிபி பக்கம்தான் நிற்கும். 10 கிலோமீட்டர் போகிற எஸ்எப்பிக்கு அது ஒரு பொருட்டே இல்லை.

பிழை எங்கே என்று உங்கள் கடிதத்திலேயே இருக்கிறது: ‘இரண்டு பக்கமும் ஒரே’ என்று அடுக்கிக்கொண்டே போகிறீர்கள் பாருங்கள், அதுதான். எஸ்எப்பியில் இரண்டு துளை, ஒன்று அனுப்புவது, மற்றது வாங்குவது. ஒபிஸில் அனுப்பும் துளை கோர்ட் வழியாகப் பெட்டியின் 1ஆம் போர்ட்டுக்குப் போகிறது என்று வையுங்கள். பெக்டரியிலும் அதே சுவிட்ச், அதே கோர்ட், அதே பெட்டி என்றால் அங்கேயும் அனுப்பும் துளை 1க்குத்தான் வரும். நடுவில் கேபிளோ 1ஐ 1உடன் சேர்க்கிறது. ஆக, டெலிபோனைத் தலைகீழாகப் பிடித்த மாதிரி, வாய்க்கு எதிரே வாய், காதுக்கு எதிரே காது. இரு முனையும் அச்சு அசலாக ஒன்றாக இருந்து, நடுவும் நேராக இருந்தால் லிங்க் வரவே வராது. வழியில் எங்கோ ஓர் இடத்தில் மாற வேண்டும். இரண்டு இடத்தில் மாற்றினால் மறுபடி பழைய கதை, மூன்று இடத்தில் மாறினால் சரி. இதற்குத்தான் பொலாரிட்டி என்று பெயர் வைத்திருக்கிறார்கள்.

சிவப்புப் பேனா இழை அறுந்திருக்கிறதா இல்லையா என்று மட்டும்தான் சொல்லும், எது எதற்குப் போகிறது என்பதை எஸ்எப்பி இடத்திலிருந்து யோசிக்காது.

சரி, எங்கே மாற்றுவது? சுலபமான வழி, ஒரு பக்கத்து பேட்ச் கோர்ட்டின் இரண்டு எல்சி கனெக்டரையும் சேர்த்துப் பிடிக்கும் கிளிப்பைக் கழற்றி இரண்டு காலையும் இடம் மாற்றிப் போடுவது. சோதித்துப் பார்க்க இது போதும், அரை நிமிட வேலை. ஆனால் அப்படியே விட்டுவிட்டு வராதீர்கள். நாளைக்கு எலி கடித்தோ யாரோ இழுத்தோ அந்தக் கோர்ட் போனால், புதிதாக வருபவர் ஹட்டனில் ஒரு சாதாரண கோர்ட் வாங்கிப் போடுவார், லிங்க் செத்துவிடும், அப்புறம் அவரும் ஸ்ப்ளைஸைத்தான் திட்டுவார். மாற்றத்தைப் பெட்டிக்குள் வையுங்கள். பெக்டரி பக்கம் பெட்டியைத் திறந்து, அடாப்டரின் பின்னால் நீல இழையின் பிக்டெயிலை (கனெக்டர் உள்ள குட்டை இழை) 2இலும் ஆரஞ்சை 1இலும் சொருகுங்கள். வெட்டவும் வேண்டாம், ஒட்டவும் வேண்டாம். மற்ற ஜோடிகளையும் இதே மாதிரி இப்போதே போட்டுவிடுங்கள்: பச்சை பழுப்பு, சாம்பல் வெள்ளை, சிவப்பு கறுப்பு, மஞ்சள் ஊதா, ரோஸ் நீலப்பச்சை. ஒபிஸ் பக்கம் 1, 2, 3, 4, பெக்டரி பக்கம் 2, 1, 4, 3 என்று போகும். இது ஏற்கப்பட்ட முறைதான், நான் கண்டுபிடித்ததில்லை. மூடிக்கு உள்ளே மார்க்கரால் எழுதியும் வைக்க வேண்டும், இல்லாவிட்டால் அடுத்து வருபவர் நீலம் 2இல் இருப்பதைப் பார்த்து ‘திருத்தி’விடுவார்.

நிறத்தைப் பற்றி ஒன்று. நீலம், ஆரஞ்சு, பச்சை என்ற வரிசை எல்லாக் கேபிளுக்கும் பொதுவில்லை. ஜெர்மன் முறையில் சிவப்பு, பச்சை, நீலம், மஞ்சள் என்று தொடங்கும். ஒரே கேபிளின் இரு முனைக்கு அது பரவாயில்லை, பாதியில் வேறு கம்பெனிக் கேபிளை ஒட்டும்போதுதான் தலைவலி.

வீட்டு இணைப்பில் ஒரே இழை, சரிதான். அங்கே இறங்கும் வெளிச்சம் 1490 நானோமீட்டர், ஏறும் வெளிச்சம் 1310. அலைநீளம் வேறு என்பதால் ஒரே கண்ணாடியில் இரண்டும் போய் வருகின்றன, மாற்றிப் போட இடமே இல்லை. வீட்டு இணைப்பில் வரும் பச்சை கனெக்டரின் முகம் 8 பாகை சரிவாக வெட்டப்பட்டது, அதை நீல கனெக்டரோடு சேர்க்காதீர்கள். நீங்களும் ஓர் இழையில் ஓட்டலாம், அதற்கென்றே ஒரே இழையில் அனுப்பி வாங்கும் பைடி எஸ்எப்பி இருக்கிறது. ஆனால் அதை எதிரெதிர் ஜோடியாக வாங்க வேண்டும், ஒரே மாதிரி இரண்டு வாங்கினால் இப்போதைய கதைதான்.

எம்பிஓவும் இதேதான், இழை மட்டும் அதிகம். 12 இழை ஒரே கனெக்டரில். ஏ வகையில் 1 மறுமுனையில் 1தான், அதனால் இரு முனைக்கும் வேறு வேறு கோர்ட் வேண்டும். பி வகையில் 1 போய் 12ஆக வரும், வரிசையே திரும்பிவிடும். சி வகையில் ஜோடி ஜோடியாக மாறும், 1 அங்கே 2, 2 அங்கே 1. பி, சி இரண்டுக்கும் இரு பக்கமும் ஒரே கோர்ட் போதும். கொழும்பில் டேட்டா சென்டர் வேலைக்குப் போகும் எண்ணம் இருந்தால் பி வகையை நன்றாகப் படியுங்கள், 40ஜி எஸ்ஆர்4 மாதிரி நான்கு இழை அனுப்பி நான்கு இழை வாங்கும் மொட்யூல்களுக்கு அதுதான் ஒத்துவரும்.

எஸ்எப்பி ஓடும்போது இழைக்குள் எட்டிப் பார்க்கும் பழக்கம் இருந்தால் இன்றோடு விடுங்கள். 1310 கண்ணுக்குத் தெரியாது, தெரியவில்லை என்பதற்காகக் கண்ணில் படாமல் இருக்காது.

இடி மின்னலுக்குப் பயந்து பைபருக்கு மாறினீர்கள் என்றால் நல்ல முடிவு, நம் பக்கம் ஏப்ரலிலும் அக்டோபர், நவம்பர் பின்னேரங்களிலும் அடிக்கிற அடிக்குச் செப்புக் கேபிள் இரண்டு பக்கத்துச் சுவிட்சையும் எரித்துவிடும். ஆனால் உங்கள் கேபிளோடு இரும்புக் கம்பி ஓடுகிறதென்றால் கண்ணாடி இழை காப்பாற்றாது, அந்தக் கம்பியைப் பெட்டிக்குக் கொண்டுவராமல் வெளியே எர்த் செய்யுங்கள்.

மாற்றிய பிறகும் விளக்கு வராவிட்டால், பவர் மீட்டரில் இரு பக்கமும் எவ்வளவு டிபிஎம் (வெளிச்சத்தின் பலம்) வருகிறது என்று குறித்து அனுப்புங்கள், எஸ்எப்பியின் மாடல் எண்ணோடு.